டிபி/டிடி (அழுத்தம் மாறும் வீதம்) குறைந்தால் தசை தளர்ந்துவிட்டது என்று அர்த்தமா? இதயச் சுழற்சியில் மாறுவீதங்களைப் படிப்பது பற்றி, புனைபெயர்களில் பேசுவோரின் உரையாடல்

சாய்வுக்கோடு:

மாறுவீதம் என்ற பாடத்தை இளநிலை உயிரிப்பொறியியல் மாணவர்களுக்கு இதயச் சுழற்சியை வைத்தே நடத்துவதற்கான பயிற்சித்தாள் இது. பயிற்சிப் பதிவில் மூன்று வரிசைகள் இருக்கின்றன: இடது கீழறை அழுத்தம், கீழறையின் கன அளவு, பெருந்தமனி அழுத்தம். வினாடிக்கு 1000 மாதிரிகள். துடிப்பு நிமிடத்துக்கு 75, ஆக ஒரு சுழற்சி 0.8 வினாடி. அழுத்தம் எல்லாம் மி.மீ. பாதரசத்தில், கீழே சுருக்கமாக மி.மீ. என்றே எழுதுகிறேன்.

நிறைந்த கீழறையில் 120 மி.லி., சுருங்கி முடித்த பிறகு 50 மி.லி. துடிப்புக்கு 70 மி.லி. வெளியேறுகிறது. அழுத்தத்தின் மாறுவீதத்தின் உச்சம், அதாவது டிபி/டிடி உச்சம், வினாடிக்கு 1500 மி.மீ. இதைத் தசையின் சுருங்குதிறன் என்று பல குறிப்புகளில் எழுதியிருக்கிறார்கள்.

சிக்கல் இங்கேதான். அதே பதிவில் கீழ்ப்பெருஞ்சிரையைப் பலூனால் சில துடிப்புகள் அடைக்கும் பகுதி ஒன்று உண்டு. நிறைந்த கன அளவு 100 மி.லி.க்கு இறங்குகிறது, டிபி/டிடி உச்சம் 1230க்கு வந்துவிடுகிறது. மருந்து எதுவும் தரவில்லை, அனிச்சைகள் வேலைசெய்ய நேரமும் இல்லை. நாலைந்து துடிப்பில் தசை எப்படித் தளரும்?

இன்னொன்று. நானாக வகைக்கெழு எடுத்தால் வளைவு முழுக்க 300 மி.மீ./வினாடி உயரத்துக்குப் பற்கள் வருகின்றன. மூல அழுத்த வளைவோ கண்ணுக்கு வழவழப்பாகத்தான் இருக்கிறது.

கீழறை:

தசை தளரவில்லை. ஒரே சமன்பாட்டில் காட்டிவிடலாம். அதற்கு முன் மாணவர்கள் கையில் இருக்க வேண்டிய அடிப்படை ஒன்று இருக்கிறது:

கன அளவின் மாறுவீதம் = உள்ளே வரும் ஓட்டம் − வெளியே போகும் ஓட்டம்

வால்வுகள் இந்த இரண்டு உறுப்புகளையும் மாறிமாறிச் சுழியாக்குகின்றன. மிட்ரல் வால்வு (இடது மேலறைக்கும் கீழறைக்கும் இடையே உள்ளது) மூடி, பெருந்தமனி வால்வு இன்னும் திறக்காத அந்த 0.06 வினாடியில் இரண்டுமே சுழி. கன அளவு நகராது, அழுத்தம் மட்டும் 8லிருந்து 80க்கு ஏறும். சராசரி வீதம் 72 ÷ 0.06 = 1200. கணநேர உச்சம் அதைவிட அதிகம், உங்கள் பதிவில் 1500. சராசரி வீதத்துக்கும் கணநேர வீதத்துக்கும் உள்ள வேறுபாட்டை நடத்த இதைவிடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியவில்லை.

இனி உங்கள் கேள்வி. 1970களின் தொடக்கத்தில் சுகாவும் சகாவாவும் நாயின் தனித்த இதயங்களில் காட்டியது இது: எந்தக் கணத்திலும்

அழுத்தம் = விறைப்பு × (கன அளவு − வெற்றுக் கன அளவு)

விறைப்பு நேரத்தின் சார்பு. தளர்வில் மிகச் சிறியது, சுருக்கத்தின் முடிவில் உச்சம். வெற்றுக் கன அளவு என்பது அழுத்தமே எழாத கன அளவு, 10 மி.லி. என்று வைத்துக்கொள்வோம். பெருக்கல் விதிப்படி வகையிட்டால்:

அழுத்த மாறுவீதம் = விறைப்பின் மாறுவீதம் × (கன அளவு − 10) + விறைப்பு × கன அளவின் மாறுவீதம்

வால்வுகள் மூடிய கட்டத்தில் இரண்டாம் உறுப்பு சுழி. ஆகவே 1500 = விறைப்பின் மாறுவீதம் × 110. விறைப்பு வினாடிக்கு 13.6 மி.மீ./மி.லி. என்ற வேகத்தில் ஏறுகிறது. தசையைச் சேர்ந்த எண் இதுதான். இப்போது கன அளவை 100 ஆக்குங்கள்: (1500 ÷ 110) × 90 = 1227. உங்கள் 1230 வந்துவிட்டது. தசை அதே வேகத்தில்தான் விறைத்தது. பெருக்கப்படும் அளவு குறைந்ததால் விடை குறைந்தது.

அதனால்தான் டிபி/டிடி உச்சத்தைத் தனியாகச் சொல்லாமல் நிறைந்த கன அளவோடு சேர்த்துச் சொல்ல வேண்டும் என்கிறோம். பலூன் அடைப்பில் கிடைக்கும் துடிப்புகள் ஒவ்வொன்றுக்கும் ஒரு புள்ளி வையுங்கள்: கிடையச்சில் நிறைந்த கன அளவு, நிலையச்சில் டிபி/டிடி உச்சம். கிட்டத்தட்ட நேர்கோடு வரும். அதன் சாய்வு சுருங்குதிறனைக் காட்டும். தனிப் புள்ளியின் உயரம் காட்டாது.

வெளியேற்றக் கட்டத்தில் இதே சமன்பாடு இன்னும் அழகாகப் பேசுகிறது. கன அளவு 85, அழுத்தம் 120 என்ற கணத்தைப் பாருங்கள். விறைப்பு 120 ÷ 75 = 1.6. அப்போது ஓட்டம் வினாடிக்கு 300 மி.லி. என்றால், இரத்தம் வெளியேறுவதால் அழுத்தம் 1.6 × 300 = 480 என்ற வீதத்தில் குறையப் பார்க்கிறது. அதே கணத்தில் விறைப்பு ஏறுவதால் அழுத்தம் 480 என்ற வீதத்தில் கூடினால், நிகர மாறுவீதம் சுழி. அழுத்த உச்சம் என்பது அந்தக் கணம்தான். உச்சத்தில் தசை ஓய்ந்துவிட்டது என்று மாணவர்கள் நினைப்பார்கள். தசை இன்னும் விறைத்துக்கொண்டுதான் இருக்கிறது. வெளியேற்றம் அதை ஈடுசெய்கிறது, அவ்வளவே.

சமிக்ஞை:

பற்கள் பற்றி. 300 என்ற எண்ணைப் பார்த்தவுடனே மின்வலை இரைச்சல் என்று சந்தேகம் வருகிறது. வீச்சு 1 மி.மீ., அதிர்வெண் 50 ஹெர்ட்ஸ் உள்ள சைன் அலையை வகையிட்டால் வீச்சு 2 × பை × 50 × 1 = 314 மி.மீ./வினாடி. 120 மி.மீ. உயர வளைவில் 1 மி.மீ. நெளிவு கண்ணுக்குத் தெரியாது. வகைக்கெழுவில் உச்சத்தின் ஐந்தில் ஒரு பங்கு ஆகிவிடும். வகையிடல் ஒவ்வொரு அதிர்வெண்ணையும் அந்த அதிர்வெண்ணாலேயே பெருக்குகிறது. வேகமான குப்பைக்குத்தான் அதனால் லாபம்.

முன்னும் பின்னும் ஒரு மாதிரி எடுத்து 0.002 வினாடியால் வகுக்கும் மையவேறுபாடு இதற்கு உதவாது. 50 ஹெர்ட்ஸை அது 2% கூடக் குறைக்காது. அதோடு, பதிவின் நுண்மை 0.1 மி.மீ. என்றால் ஒரு படி மாறும்போது வகைக்கெழு 0.1 ÷ 0.002 = 50 தாவும்.

செய்ய வேண்டியது சிறு சன்னல் ஒன்றில் வளைவைப் பொருத்திச் சாய்வு எடுப்பது (சவிட்ஸ்கி–கோலே முறை). 11 புள்ளிச் சன்னலுக்கு வாய்பாடு: மையப் புள்ளியிலிருந்து −5 முதல் +5 வரை ஒவ்வொரு மாதிரியையும் அதன் இட எண்ணால் பெருக்கிக் கூட்டுங்கள்; கூட்டுத்தொகையை 110 × 0.001ஆல் வகுங்கள். 110 எங்கிருந்து வருகிறது என்றால் −5 முதல் +5 வரையான எண்களின் வர்க்கங்களின் கூட்டல். 7 புள்ளிக்கு 28, 21 புள்ளிக்கு 770.

இதையும் மந்திரம் என்று எண்ண வேண்டாம். அந்த 314 என்ற இரைச்சல் 11 புள்ளியில் 231 ஆகத்தான் குறையும். 21 புள்ளியில் 82. ஆனால் 21 புள்ளி என்பது 20 மில்லிவினாடி அகலம். நீங்கள் அளக்க நினைக்கும் கட்டமே 60 மில்லிவினாடிதான். இரைச்சலோடு உண்மையான உச்சமும் மழுங்கும். ஆகவே மின்வலை இரைச்சலை அந்த ஒரு அதிர்வெண்ணை மட்டும் வெட்டும் வடிகட்டியால் முதலில் எடுங்கள், பிறகு 11 புள்ளி. சரிபார்க்க ஒரு வழி: 7, 11, 21 மூன்றிலும் உச்சத்தைக் கணக்கிடுங்கள். 7க்கும் 11க்கும் கிட்டத்தட்ட ஒரே விடை, 21இல் மட்டும் இறங்கினால் 11 பாதுகாப்பானது. 7லிருந்தே தொடர்ந்து இறங்கினால் இரைச்சலைத்தான் உச்சமாக அளந்துகொண்டிருக்கிறீர்கள்.

பதிவு எந்தக் கதீட்டரில் (இதயத்துக்குள் செலுத்தும் மெல்லிய குழாயில்) எடுத்தது? உப்புநீர் நிரப்பியதா, நுனியிலேயே உணரி உள்ளதா?

சாய்வுக்கோடு:

நுனி உணரி என்றுதான் விவரக்குறிப்பில் இருக்கிறது. வடிகட்டிய பிறகு 7இல் 1512, 11இல் 1500, 21இல் 1440. உப்புநீர்க் கதீட்டராக இருந்தால் என்ன மாறும்?

சமிக்ஞை:

அப்படியானால் டிபி/டிடி உச்சத்தையே எடுக்கக் கூடாது என்பேன். உப்புநீர் நிரல், குழாய், வெளியே இருக்கும் உணரி மூன்றும் சேர்ந்து ஊசலாடும் அமைப்பு. அதன் இயல்பு அதிர்வெண் நடைமுறையில் பெரும்பாலும் 10 முதல் 25 ஹெர்ட்ஸ் வரை. நிமிடத்துக்கு 75 துடிப்பு என்றால் அடிப்படை 1.25 ஹெர்ட்ஸ், அழுத்தத்தின் செங்குத்தான ஏற்றத்தை உருவாக்கும் மேல்சுரங்கள் (அடிப்படையின் மடங்குகள்) சரியாக 10–25 ஹெர்ட்ஸ் பகுதியில்தான் விழுகின்றன. அமைப்பு அங்கே ஒத்ததிர்ந்தால் ஏற்றம் செயற்கையாகச் செங்குத்தாகும், உச்சிக்கு மேல் ஒரு கூர் எழும். குழாயில் காற்றுக்குமிழி இருந்தால் இயல்பு அதிர்வெண் இன்னும் இறங்கும், தணிப்பும் கூடும். குமிழி பெரிதானால் ஏற்றம் மழுங்கிவிடும். ஆக, ஒரே நோயாளியிடம் பிழை மேலேயும் போகலாம், கீழேயும் போகலாம். சராசரி அழுத்தத்துக்கு அந்தக் கதீட்டர் போதும். வகைக்கெழுவுக்குப் போதாது.

துடிப்புகளைச் சராசரி எடுப்பதானால் இன்னும் ஒன்று. ஈசிஜியின் ஆர் அலையை (இதய மின்பதிவில் ஒவ்வொரு துடிப்புக்கும் வரும் கூரிய முனையை) வைத்து அடுக்கினால் துடிப்புக்குத் துடிப்பு சில மில்லிவினாடி விலகும். அப்படிச் சராசரி எடுத்த வளைவின் உச்சம் தாழும். ஒவ்வொரு துடிப்புக்கும் தனியாக உச்சம் கண்டுபிடித்து, அந்த எண்களைச் சராசரி எடுங்கள். மூச்சை வெளிவிட்டு நிறுத்திய பகுதியையே பயன்படுத்துங்கள். முந்திவரும் துடிப்பையும் அதற்கு அடுத்த துடிப்பையும் நீக்கிவிடுங்கள். அந்த அடுத்த துடிப்பு இயல்பைவிட வலுவாக அடிக்கும்.

எக்கோமேசை:

கதீட்டர் இல்லாமலும் டிபி/டிடி எடுக்கலாம், மிட்ரல் வால்வில் கசிவு இருந்தால். எங்கள் எக்கோ பக்கம், அதாவது இதய மீயொலி ஆய்வில், தினமும் செய்வது இது. வகைக்கெழுவை வெறும் இரண்டு புள்ளிகளால் தோராயமாக்குவதற்கு நல்ல பயிற்சி என்பதால் எழுதுகிறேன்.

கசியும் தாரையின் வேகத்தைத் தொடர்அலை டாப்ளரில் (மீயொலியால் ஓட்ட வேகத்தை அளக்கும் முறை) பிடியுங்கள். திரை ஓட்டம் வினாடிக்கு 10 செ.மீ., முடிந்தால் அதற்கும் மேல். எளிமையாக்கிய பெர்னூலி சமன்பாட்டின்படி அழுத்த வேறுபாடு = 4 × வேகத்தின் வர்க்கம். வேகம் வினாடிக்கு 1 மீட்டர் ஆகும்போது 4 மி.மீ., 3 மீட்டர் ஆகும்போது 36 மி.மீ. இடைவெளி 32. ஒன்றிலிருந்து மூன்றுக்குப் போக எடுத்த நேரத்தை அளந்து 32ஐ அதனால் வகுத்தால் வேலை முடிந்தது. 27 மில்லிவினாடிக்குள் என்றால் ஏறக்குறைய 1200க்கு மேல், இயல்பு. 40 மில்லிவினாடிக்கு மேல் என்றால் 800க்குக் கீழ், சுருக்கம் கடுமையாகக் குறைந்திருக்கிறது.

தவறுகள் எங்கே வரும்? முதலாவது, நேர அளவீடு. வினாடிக்கு 10 செ.மீ. ஓட்டத்தில் 27 மில்லிவினாடி திரையில் வெறும் 0.27 செ.மீ. குறியை 0.05 செ.மீ. தள்ளி வைத்தால் 5 மில்லிவினாடி. 22 என்று படித்தால் 1455, 32 என்று படித்தால் 1000. ஒரே நோயாளி, ஒரே துடிப்பு, இரண்டு முடிவுகள். பாதி வேகத்தில் திரையை ஓட்டினால் இந்தப் பிழை இரண்டு மடங்கு. இரண்டாவது, தாரை ஓரமாகச் சாய்ந்து ஓடினால் டாப்ளர் கதிருக்கும் தாரைக்கும் கோணம் விழும், வேகம் குறைவாகத் தெரியும். மூன்றாவது, இந்த 32 என்பது கீழறைக்கும் மேலறைக்கும் உள்ள வேறுபாடு. அந்தக் குறுகிய நேரத்தில் இடது மேலறை அழுத்தம் மாறாது என்று எடுத்துக்கொள்கிறோம். திடீரென ஏற்பட்ட கடுமையான கசிவில் மேலறை அழுத்தமும் வேகமாக ஏறும். அங்கே இந்த முறையை நம்பக் கூடாது.

தீவிரப்பிரிவு:

கீழறை அவர்களிடம் ஒரு கேள்வி. இரண்டாம் உறுப்பு சுழி என்றுதான் உங்கள் கணக்கே நிற்கிறது. மிட்ரல் கசிவு இருந்தால் கன அளவு மாறாத கட்டம் என்ற ஒன்றே கிடையாதே. எக்கோ முறைக்கோ கசிவு இருந்தே ஆக வேண்டும். இது எப்படிப் பொருந்தும்?

கீழறை:

சரியான இடத்தில் கை வைத்திருக்கிறீர்கள். எண்ணைப் போட்டுப் பார்த்தால் அடங்கிவிடும். கழிக்கப்படும் உறுப்பு விறைப்பு × கசிவு ஓட்டம். கீழறை அழுத்தம் 40 மி.மீ. ஆன கணத்தில் விறைப்பு 40 ÷ 110 = 0.36. கசிவு வினாடிக்கு 100 மி.லி. என்று வைத்தால் 36 மி.மீ./வினாடி. 1200 பக்கத்தில் இது 3%. எக்கோ முறை அழுத்த ஏற்றத்தின் தொடக்கப் பகுதியை, விறைப்பு இன்னும் சிறிதாக இருக்கும்போதே, எடுப்பதால் தப்பிக்கிறது. அழுத்தம் 100ஐத் தாண்டிய பிறகு இதே கசிவு 100 மி.மீ./வினாடி அளவுக்குக் கழிக்கும்.

ஆனால் நாள்பட்ட கசிவில் கீழறை விரிந்திருக்கும். முதல் உறுப்பில் கன அளவு பெரிதாகிவிடும். தசை நலிந்திருந்தாலும் டிபி/டிடி ஓரளவு இயல்பாகத் தெரியலாம். எனக்கு உண்மையான கவலை அதுதான்.

உச்சம் பிழைக்கும் வேறு இரு சூழல்களையும் பயிற்சித்தாளில் சேருங்கள். பெருந்தமனியின் தளர்வுநேர அழுத்தம் மிகத் தாழ்ந்திருந்தால், உதாரணமாகப் பெருந்தமனி வால்வு கடுமையாகக் கசியும்போது, சாய்வு உச்சத்தை அடையும் முன்பே வால்வு திறந்துவிடும், உச்சம் வெட்டுப்படும். துடிப்பு வீதம் கூடினாலும் டிபி/டிடி கூடும், பௌடிச் 1871இல் காட்டிய விளைவு அது. எனவே நிமிடத்துக்கு 60இல் எடுத்த எண்ணையும் 110இல் எடுத்த எண்ணையும் அப்படியே பக்கத்தில் வைத்து ஒப்பிடக் கூடாது.

தீவிரப்பிரிவு:

நன்றி. மாணவர்களுக்கு மாறுவீதம் உயிரைத் தொடும் ஓர் இடத்தைச் சொல்கிறேன்: பெருந்தமனிச் சுவர் பிளந்த நோயாளி. அங்கே எதிரி அழுத்தத்தின் உயரம் மட்டுமன்று, அழுத்தம் ஏறும் வேகமும்தான். ஒவ்வொரு துடிப்பின் செங்குத்தான ஏற்றமும் பிளவை நீட்டும்.

அதனால் மருந்தின் வரிசை முக்கியம். முதலில் பீட்டா தடுப்பான் (துடிப்பு வேகத்தையும் சுருங்குதிறனையும் குறைக்கும் மருந்து): துடிப்பு நிமிடத்துக்கு 60க்குக் கீழே, சுருக்க அழுத்தம் 100–120 மி.மீ. அதன் பிறகும் அழுத்தம் இறங்காவிட்டால்தான் குழாய் விரிப்பான். விரிப்பானை முதலில் கொடுத்தால் அழுத்த எண் திரையில் அழகாக இறங்கும். ஆனால் அனிச்சையாக இதயம் வேகமெடுக்கும், சுருங்குதிறன் ஏறும், டிபி/டிடி உயரும். உயரத்தைக் குறைத்துச் சாய்வைக் கூட்டிய கதையாகிவிடும். சார்பின் மதிப்பும் அதன் வகைக்கெழுவும் எதிரெதிர்த் திசையில் நகர முடியும் என்பதற்கு இதைவிட அழுத்தமான உதாரணம் வேண்டாம்.

மணிக்கட்டுத் தமனிக் குழாயிலிருந்து டிபி/டிடி கணக்கிட்டுத் திரையில் காட்டும் கருவிகள் உண்டு. அது கீழறையின் டிபி/டிடி அல்ல. வழியில் அலை வடிவமே மாறிவிடுகிறது, எதிரொலித்து வரும் அலை சேருகிறது, குழாய் விட்டத்தை மாற்றும் மருந்து எதுவும் அதைப் பாதிக்கிறது. அதே நோயாளியில், மருந்து மாறாதபோது, போக்கு பார்க்க மட்டும் வைத்துக்கொள்ளலாம்.

சாய்வுக்கோடு:

இனி தளர்வுக் கட்டம். பெருந்தமனி வால்வு மூடிய பிறகு அழுத்தம் அடுக்குக்குறியாகத் தேய்கிறது என்று வைத்து நேர மாறிலி (ஏறக்குறைய 37% ஆகத் தேய எடுக்கும் நேரம்) கணக்கிட்டேன். 72லிருந்து 24க்கு இறங்க 48 மில்லிவினாடி. 48 ஐ மூன்றின் இயல்மடக்கையால் (1.0986) வகுக்க 43.7 மில்லிவினாடி. ஆனால் இதே நபரின் இரண்டாம் கோப்பில், அதே வடிவ வளைவு, எல்லா அழுத்தமும் 5 கூடுதல்: 77லிருந்து 29. விடை 49.2. இயல்பின் மேல் எல்லையாக 48ஐச் சொல்கிறார்கள். முதல் கோப்பில் நலம், இரண்டாம் கோப்பில் நோய் என்றா சொல்வது?

சமிக்ஞை:

உணரியின் சுழி நகர்ந்திருக்கிறது. நுனி உணரிகளுக்கு உள்ள பெரிய குறை இது. சூடேறினால் சில மி.மீ. நகரும். மாறிலியின் வகைக்கெழு சுழி என்பதால் டிபி/டிடி உச்சத்தை அது தொடாது. மடக்கை எடுக்கும் முறையோ அழுத்தம் சுழியை நோக்கித் தேய்கிறது என்று எடுத்துக்கொள்கிறது. ஆகவே சுழி நகர்ந்தால் விடையும் நகரும்.

மடக்கையை விடுங்கள். தேய்வுச் சமன்பாட்டை வகைக்கெழு வடிவிலேயே வையுங்கள்: அழுத்த மாறுவீதம் = −(அழுத்தம் − இறுதி அழுத்தம்) ÷ நேர மாறிலி. கிடையச்சில் அழுத்தம், நிலையச்சில் டிபி/டிடி. நேர்கோடு பொருத்தினால் அதன் சாய்வு −1 ÷ நேர மாறிலி. உங்கள் முதல் கோப்பில் 72இல் −1648, 24இல் −549. வேறுபாடு 1099 ÷ 48 = வினாடிக்கு 22.9; தலைகீழ் 43.7 மில்லிவினாடி. இரண்டாம் கோப்பில் அதே சரிவுகள் 77இலும் 29இலும் வரும். வேறுபாடு அதே 48. விடை அதே 43.7. இறுதி அழுத்தத்தைச் சுழி என்று முன்கூட்டியே அடித்துவைக்காமல் தரவே சொல்ல விடுகிறீர்கள்.

பொருத்தும் எல்லை: டிபி/டிடி மிக எதிர்மறையாகும் புள்ளியில் தொடங்கி, அடுத்த துடிப்பின் நிறைவு அழுத்தத்துக்கு 5 மி.மீ. மேலே நிறுத்துங்கள். அதற்குக் கீழே போனால் மிட்ரல் வால்வு திறந்துவிடும், அது வேறு சமன்பாடு.

கீழறை:

அந்த வேறு சமன்பாட்டைக் கடந்து போகாதீர்கள், மாணவர்கள் வியப்பது அங்கேதான். மிட்ரல் வால்வு திறந்த முதல் கணங்களில் கன அளவு ஏறுகிறது, அழுத்தமோ இன்னும் இறங்குகிறது. கன அளவைப் பொறுத்த அழுத்தத்தின் மாறுவீதம் எதிர்மறை. உயிரற்ற எந்தப் பையும் இப்படி நடக்காது. தளர்வு இன்னும் முடியாததால் விறைப்பு குறைந்துகொண்டே வருகிறது. இரத்தம் வந்து சேரும் வேகத்தைவிட விறைப்பு விழும் வேகம் அதிகம். கீழறை இரத்தத்தை இழுத்துக்கொள்கிறது என்றே சொல்லலாம்.

இதில் நேர மாறிலி ஏன் முக்கியம் என்றால், தளர்வு முழுமையாக ஏறக்குறைய 3.5 நேர மாறிலி வேண்டும். 45 மில்லிவினாடி என்றால் 158. 60 என்றால் 210. நிமிடத்துக்கு 75 துடிப்பில் தளர்வுக்கு 500 மில்லிவினாடி இருக்கிறது, இருவருக்கும் சிக்கல் இல்லை. 150க்குப் போனால் சுழற்சியே 400. அதில் சுருக்கம் பாதியை எடுத்துக்கொண்டால் தளர்வுக்கு 200தான். முதல் ஆள் தப்பிப்பார். இரண்டாமவருக்குத் தளர்வு முடியும் முன்பே அடுத்த சுருக்கம் வந்துவிடும், நிறைவு அழுத்தம் ஏறும், நுரையீரலில் நீர் தேங்கத் தொடங்கும். ஓய்வில் எல்லாம் இயல்பு, படியேறினால் மூச்சு வாங்குகிறது என்று வரும் நோயாளிகளில் ஒரு பகுதிக்கு விளக்கம் இந்தக் கழித்தல் கணக்கில் இருக்கிறது.

சாய்வுக்கோடு:

அருமை. பெருந்தமனிப் பக்கம் ஒன்று மிச்சம். வெளியேற்றத்தின் கடைசிப் பகுதியில் கீழறை அழுத்தம் பெருந்தமனி அழுத்தத்தைவிடச் சில மி.மீ. தாழ்வு. ஆனாலும் ஓட்டம் முன்னோக்கியே இருக்கிறது. பதிவில் பிழையா?

கீழறை:

பிழை இல்லை, நிலைமம். அழுத்த வேறுபாடு ஓட்டத்தைத் தீர்மானிப்பதில்லை. ஓட்டத்தின் மாறுவீதத்தைத்தான் முதன்மையாகத் தீர்மானிக்கிறது. வேறுபாடு நேர்மறையாக இருக்கும்வரை ஓட்டம் முடுகும், எதிர்மறையானதும் தணியும். தணிவது வேறு, நின்றுபோவது வேறு. இரண்டு வளைவுகளையும் ஒன்றன்மேல் ஒன்றாக வரையுங்கள்: அழுத்தங்கள் குறுக்கிடும் இடமும் ஓட்டம் உச்சம் தொடும் இடமும் அருகருகே விழும்.

தளர்வின்போது பெருந்தமனிக்கு ஓட்டோ ஃபிராங்க் 1899இல் வகுத்த மாதிரி போதும்: நெகிழ்திறன் × அழுத்த மாறுவீதம் = உள்வரும் ஓட்டம் − அழுத்தம் ÷ தடை. பழைய தீயணைப்புப் பம்புகளில் விட்டுவிட்டு அடிக்கும் நீரைச் சீராக்கிய காற்றறைதான் அவர் எடுத்த உவமை. வால்வு மூடியதும் உள்வரவு சுழி. எஞ்சுவது அடுக்குக்குறித் தேய்வு. தடை 1.1, நெகிழ்திறன் 1.5 என்றால் நேர மாறிலி 1.65 வினாடி. 100இல் தொடங்கி 0.5 வினாடி கழித்து 74. நெகிழ்திறன் முதுமையில் 0.8 ஆனால் 57. அதே 70 மி.லி. உள்ளே வரும்போது உயரமும் கூடும். சுருக்க அழுத்தம் ஏறித் தளர்வு அழுத்தம் இறங்கும் அந்த அகன்ற நாடித்துடிப்பு இங்கிருந்து வருகிறது.

ஏற்றக் கட்டத்துக்கு இந்த மாதிரியைப் பயன்படுத்த வேண்டாம். குழாய் முழுவதும் ஒரே கணத்தில் ஒரே அழுத்தம் என்று அது கொள்கிறது. வேகமான ஏற்றத்தில் அலைப் பயணத்தைப் புறக்கணிக்க முடியாது.

எக்கோமேசை:

கன அளவை வகையிட்டு ஓட்டம் எடுப்பதானால் ஓர் எச்சரிக்கை. முப்பரிமாண எக்கோவில் வினாடிக்கு 20–25 படங்கள் என்றால் படத்துக்குப் படம் 40–50 மில்லிவினாடி. 250 மில்லிவினாடி வெளியேற்றத்தில் ஐந்தாறு புள்ளிதான் கிடைக்கும். உச்ச ஓட்டம் கண்டிப்பாக மழுங்கும். டாப்ளர் ஓட்டத்தை நேரடியாகத் தருகிறது. அங்கே தொகையிட்டுக் கன அளவுக்குப் போவது நல்லது. வெளியேறும் பாதையின் விட்டம் 2.0 செ.மீ., ஒரு துடிப்பில் வேகத்தை நேரத்தின்மேல் தொகையிட்டால் 22 செ.மீ. என்றால் 3.14 × 22 = 69 மி.லி. விட்டத்தை 1.8 என்று அளந்தால் 56. விட்டத்தில் 10% பிழை விடையில் 19%. பரப்பின் வகைக்கெழுவிலிருந்து இரண்டு மடங்குப் பிழை வரும் என்று மாணவர்களே கண்டுபிடிக்கட்டும்.

வடிவியல் கணக்கும் ஒன்று வைக்கலாம். கீழறையைக் கோளமாக எடுத்தால் கன அளவின் மாறுவீதம் = 4 × பை × ஆரத்தின் வர்க்கம் × ஆரத்தின் மாறுவீதம். 120 மி.லி. கோளத்தின் ஆரம் 3.06 செ.மீ.; வினாடிக்கு 400 மி.லி. தள்ளச் சுவர் வினாடிக்கு 3.4 செ.மீ. வேகத்தில் உள்ளே வர வேண்டும். 240 மி.லி.க்கு விரிந்த இதயத்தில் ஆரம் 3.86, வெறும் 2.1 செ.மீ. வேகம் போதும். விரிந்த இதயம் சோம்பலாக அசைந்தும் அதே இரத்தத்தைத் தள்ளுவது இதனால்தான். விலை வேறிடத்தில் இருக்கிறது: சுவர் இழுவிசை ஆரத்தோடு ஏறும், சுவர் மெலிந்தால் இன்னும் ஏறும்.

சாய்வுக்கோடு:

இதெல்லாம் சேர்கிறது. கடைசியாக ஆற்றல் கணக்கு: அழுத்தத்தையும் ஓட்டத்தையும் கணத்துக்குக் கணம் பெருக்கித் திறன் வளைவு வரைந்தேன். சராசரி 1 வாட் அருகே, உச்சம் 6 வாட் அருகே. நம்பலாமா?

சமிக்ஞை:

அளவு சரி. 93 மி.மீ. சராசரி அழுத்தம், வினாடிக்கு 87.5 மி.லி. ஓட்டம் (70 ÷ 0.8), 1 மி.மீ. = 133.3 பாஸ்கல், பெருக்கினால் 1.08 வாட். உச்சத்தில் 110 மி.மீ., 400 மி.லி. என்றால் 5.9.

ஆனால் இரண்டு சமிக்ஞைகளைப் பெருக்கும் முன் அவை ஒரே கடிகாரத்தில் இருக்கின்றனவா என்று பாருங்கள். கன அளவு வேறு கருவியில் வந்திருந்தால் 10–20 மில்லிவினாடி பின்தங்குவது சாதாரணம். அழுத்தம்–கன அளவு வளையத்தை வரைந்தால் காட்டிக்கொடுத்துவிடும்: செங்குத்தாக நிற்க வேண்டிய இரு பக்கங்களும் சாய்ந்திருக்கும். கசிவு இல்லாத இதயத்தில் டிபி/டிடி உச்சம் வரும் கணத்தில் கன அளவின் மாறுவீதம் சுழியாகவே இருக்க வேண்டும். வெளியேற்றம் அதற்கு முன்பே தொடங்குவதாகவோ, பெருந்தமனி அழுத்தம் ஏறத் தொடங்கிய பிறகும் கன அளவு அசையாமல் இருப்பதாகவோ தெரிந்தால், கன அளவு வரிசையை ஒவ்வொரு மாதிரியாக நகர்த்தி அந்த இரு பக்கங்களும் நிமிரும் இடத்தில் நிறுத்துங்கள். அதே நகர்வை எல்லாத் துடிப்புக்கும் வையுங்கள். துடிப்புக்குத் துடிப்பு வேறு நகர்வு தேவைப்பட்டால் கருவிகளின் மாதிரியெடுப்பு வீதங்களே ஒத்துப்போகவில்லை. கோப்பின் முதல் நிமிடத்திலும் கடைசி நிமிடத்திலும் நகர்வைத் தனித்தனியாகக் கண்டு, இடையில் நேர்கோடாகப் பிரித்துக் கொடுங்கள்.